குவாசுத்தி: ஒரு மானும் அதன் பெயரும்

நுழையும்முன்

ஒரு மொழியிலிருந்து மற்றொரு மொழிக்குச் செல்லும் சொற்களில் சில வேரூன்றித் தழைக்கின்றன. சில அகராதியின் ஓரத்தில் ஒதுங்கிவிடுகின்றன. தென் அமெரிக்காவின் தொல்குடி மொழியான குவரானியிலிருந்து ஆங்கிலத்துக்குச் சென்று, வழக்கில் நிலைபெறாத ஒரு சொல்லின் வரலாற்றை இப்பாடம் விளக்குகிறது. அச்சொல் ஒரு புல்வெளி மானின் பெயர். சொல்லின் கதையோடு மானின் கதையும் பின்னிப் பிணைந்துள்ளது.

பெயரின் பொருள்

ஆங்கிலத்தின் பேரகராதிகளில் 'குவாசுத்தி' என்றொரு சொல் காணப்படுகிறது. தென் அமெரிக்கப் புல்வெளிகளில் வாழும் ஒருவகை மான் என்பது அதன் பொருள். ஆங்கிலத்தைத் தாய்மொழியாகக் கொண்டோரிலும் மிகச் சிலரே இச்சொல்லை அறிவர். அவர்கள் அவ்விலங்கைப் 'பம்பாஸ் மான்' என்று அழைப்பதே வழக்கம்.

குவாசுத்தி என்பது இரு சொற்களால் ஆனது. குவரானி மொழியில் 'குவாசு' என்பது மானைக் குறிக்கும்; 'தி' என்பது வெண்மையைக் குறிக்கும். எனவே குவாசுத்தி என்பது தமிழில் 'வெண்மான்' எனப் பொருள்படும். தமிழில் அடைமொழி முன்னும் பெயர் பின்னுமாக அமையும். புள்ளிமான், கடமான், சருகுமான் ஆகியன அவ்வாறு அமைந்தவை. குவரானியில் பெயர் முன்னும் அடைமொழி பின்னுமாக வரும். வரிசை மாறினும் பெயரிடும் முறை ஒன்றே: இனப்பெயர் ஒன்றை நிறுத்தி, அதனோடு நிறத்தையோ வடிவையோ வாழிடத்தையோ சுட்டும் சொல்லைச் சேர்ப்பது.

வெண்மான் என்றவுடன் உடல் முழுதும் வெளுத்த விலங்கொன்றைக் கற்பனை செய்துவிடக் கூடாது. இதன் முதுகும் விலாவும் செம்மை கலந்த பழுப்பு அல்லது மங்கிய மஞ்சள் நிறமுடையவை. வயிற்றுப்புறமும் கண்ணைச் சுற்றிய வளையமும் வாலின் அடிப்பக்கமும் வெண்மையானவை. அச்சமுற்று ஓடும்போது இம்மான் வாலை உயர்த்தும். அப்போது பசும்புல்லின்மேல் அந்த வெண்மை மட்டும் தாவித் தாவிச் செல்வது தொலைவிலிருந்தும் தெரியும். தோளளவில் ஏறத்தாழ எழுபது சென்டிமீட்டர் உயரமும், இருபத்தைந்து முதல் நாற்பது கிலோகிராம் வரை எடையும் உடைய சிறிய மான் இது. ஆண்மானின் கொம்பு ஒவ்வொன்றும் மூன்று கிளைகளை உடையது. அக்கொம்புகள் ஆண்டுதோறும் உதிர்ந்து மீண்டும் முளைப்பவை. தமிழகத்தில் கோடியக்கரைப் புல்வெளியில் வாழும் வெளிமான் எனப்படும் இரலையையும் நாம் மான் என்றே சொல்கிறோம். ஆயினும் இரலையின் கொம்பு உதிர்வதில்லை, கிளைப்பதும் இல்லை. விலங்கியலார் அவ்விரண்டையும் வெவ்வேறு குடும்பங்களில் வைப்பர்.

குவரானி மக்கள் தம் நிலத்து மான்களை நான்காகப் பிரித்துப் பெயரிட்டிருந்தனர். சதுப்பு நிலத்தில் வாழும் பெரிய மான் 'குவாசு புக்கு', அதாவது நெடுமான். காட்டில் வாழும் செந்நிற மான் 'குவாசு பித்தா', அதாவது செம்மான். சாம்பல் கலந்த பழுப்பு நிறமுடைய சிறுமான் 'குவாசு பிரா'. திறந்த புல்வெளிக்கு உரியது குவாசுத்தி. வாழிடமும் உருவமும் பழக்கமும் வேறுபட்ட நான்கு உயிர்களை இவ்வளவு சுருக்கமாகவும் துல்லியமாகவும் வேறுபடுத்திய பெயர்முறை, ஐரோப்பிய விலங்கியல் நூல்கள் அந்நிலத்தைத் தொடுவதற்கு முன்பே மக்கள் வாய்மொழியில் வழங்கிவந்தது.

இங்கு ஒரு சிறு குழப்பம் நேரக்கூடும். குவரானியில் 'குவாசு' என்பதற்குப் 'பெரிய' என்னும் பொருளும் உண்டு. அர்ஜென்டினாவுக்கும் பிரேசிலுக்கும் இடையே விழும் புகழ்பெற்ற இகுவாசு அருவியின் பெயர், 'நீர்' எனப் பொருள்படும் 'இ' என்னும் ஒலியோடு இந்தக் 'குவாசு' சேர்ந்து அமைந்தது. பெருநீர் என்பது அதன் பொருள். அதனை 'மான் அருவி' என்று கொள்வது பிழை. மானைக் குறிக்கும் குவாசுவும் பெருமையைக் குறிக்கும் குவாசுவும் ஒலியால் ஒன்றுபட்ட இரு தனிச்சொற்கள். குவரானியின் உடன்பிறப்பான பழைய துப்பி மொழியில் இவை வேறுபட்டே ஒலித்தன. அங்கு மானின் பெயர் சகர ஒலியில் தொடங்கி ஏறத்தாழ 'சுவாசு' என்றும், பெருமைச்சொல் 'குவாசு' என்றும் வழங்கின. தமிழில் 'மா' என்பது மரத்தையும் விலங்கையும் பெருமையையும் குறிப்பதை அறிந்த மாணவர்க்கு இது வியப்பளிக்காது.

எல்லை அளக்கச் சென்றவர்

இந்தப் பெயர்களை ஏட்டில் ஏற்றி உலகறியச் செய்தவர் ஃபெலிக்ஸ் டி அசாரா என்னும் இஸ்பானியர். அவர் விலங்கியல் கற்றவரல்லர், படைத்துறைப் பொறியாளர். தென் அமெரிக்காவில் இஸ்பானிய ஆட்சிப்பகுதிக்கும் போர்த்துக்கீசிய ஆட்சிப்பகுதிக்கும் இடையே எல்லை வகுக்கும் பணிக்காக 1781ஆம் ஆண்டு அனுப்பப்பட்டார். மறுதரப்பின் அலுவலர்கள் வந்து சேரவில்லை. சில திங்கள் என்று கருதிச் சென்றவர் இருபது ஆண்டுகள் அங்கே தங்க நேர்ந்தது.

அந்தக் காத்திருப்பை அவர் வீணாக்கவில்லை. பராகுவே நாட்டின் புல்வெளிகளிலும் சதுப்புகளிலும் அலைந்து பறவைகளையும் விலங்குகளையும் அளந்தார், எடைபோட்டார், அவற்றின் பழக்கங்களைக் குறித்துக்கொண்டார். அறிவியல் நூலகமோ ஆசிரியரோ அவருக்கு இல்லை. பெயர் வேண்டியபோது அவர் நாடியது அந்நிலத்து மக்களையே. ஒவ்வோர் உயிரையும் குவரானியர் எவ்வாறு அழைத்தனரோ அவ்வாறே எழுதினார். பிற்காலத்தில் பிரெஞ்சு அறிஞர் புஃபோனின் புகழ்பெற்ற நூல் கைக்கு வந்தபோது, தாம் கண்ணால் கண்ட விலங்குகளைப் பற்றி அதில் இருந்த பிழைகளைத் தயங்காமல் சுட்டிக்காட்டவும் செய்தார். புஃபோன் பாரிசில் இருந்துகொண்டு, பதப்படுத்தி அனுப்பிய தோல்களையும் பயணிகளின் குறிப்புகளையும் நம்பி எழுதியவர். அசாராவோ உயிருள்ள விலங்கைப் பார்த்தவர். இந்த வேறுபாடு பெயரிடுதலிலும் வெளிப்பட்டது.

பாரிசில் இஸ்பானியத் தூதராக இருந்த அவருடைய தமையன் வழியாக நூலின் பிரெஞ்சு வடிவம் 1801இல் வெளிவந்தது. இஸ்பானிய மூலம் அதற்கு அடுத்த ஆண்டே அச்சேறியது. பராகுவே நாட்டு நாற்கால் விலங்குகளைப் பற்றிய அந்நூல் 1838இல் ஆங்கிலமாக்கப்பட்டது. குவரானியரின் நாவிலிருந்து இஸ்பானிய ஏட்டுக்கும், அங்கிருந்து பிரெஞ்சுக்கும் ஆங்கிலத்துக்குமாகச் சென்ற சொல் அது.

இப்பயணத்தின் சுவடு எழுத்துக்கூட்டலில் இன்றும் உள்ளது. இக்கால குவரானியர் இச்சொல்லின் சகர ஒலியை 'எஸ்' என்னும் எழுத்தால் எழுதுவர். அமெரிக்க இஸ்பானியத்தில் 'இசட்' எழுத்தும் சகரமாகவே ஒலிக்கும். அதனால் அசாரா 'இசட்' இட்டு எழுதினார். ஆங்கில அகராதி அதையே காத்துவருகிறது. குவாசு பிராவின் அறிவியல் பெயரிலோ பிரெஞ்சு எழுத்துமுறை தெரிகிறது. 1814இல் அம்மானுக்கு இலத்தீன் முறையில் பெயர் சூட்டிய அறிஞர், அசாரா நூலின் பிரெஞ்சு வடிவ எழுத்துக்கூட்டலோடு 'கௌவாசௌபிரா' எனத் தோன்றும்படி எழுதிவைத்தார். குவரானிச் சொல் ஒன்று பிரெஞ்சு உடையணிந்து இலத்தீன் அவையில் அமர்ந்திருக்கிறது!

டார்வினின் கைக்குட்டை

அசாராவின் நூலைக் கருத்தூன்றிப் படித்தவர்களுள் சார்லஸ் டார்வினும் ஒருவர். பீகிள் கப்பல் பயணத்தின்போது 1833இல் அவர் உருகுவே நாட்டின் மால்டொனாடோ என்னும் ஊரில் தங்கினார். அங்கு அவர் கண்ட மான் குவாசுத்தியே. அதைப் பற்றி அவர் எழுதிய சில பத்திகள் இன்றளவும் வியப்பூட்டுகின்றன.

முதலாவது, மானின் நாற்றம். நாற்றம் என்னும் சொல் முற்காலத்தில் நறுமணத்தையும் குறித்தது; இங்கு இன்றைய பொருளிலேயே கொள்ளவேண்டும். ஆண்மானிடமிருந்து வீசும் கடுநெடி காற்றின் திசையில் அரைமைல் தொலைவுக்கும் எட்டியது என்கிறார் டார்வின். தோலை உரிக்கும்போது அவருக்குக் குமட்டல் எடுத்தது. தோலைத் தம் பட்டுக் கைக்குட்டையில் கட்டி எடுத்துச் சென்றார். பின்னர் அக்கைக்குட்டையை நன்றாகத் துவைத்துத் தொடர்ந்து பயன்படுத்திவந்தார். ஆயினும் ஓராண்டு ஏழு திங்கள் வரை, துவைத்து மடித்ததை முதலில் விரிக்கும்போதெல்லாம் அந்நெடி தெளிவாகத் தெரிந்ததாம். நாற்றம் போக இறைச்சியைச் சிறிதுகாலம் புது மண்ணில் புதைத்துவைப்பது அந்நாட்டு மேய்ப்பர்களான கௌச்சோக்களின் வழக்கம் என்றும் அவர் குறித்துள்ளார். இம்மானின் பேரினப் பெயராகிய 'ஓசோடோசெரோஸ்' என்பதும் 'நாறுதல்', 'கொம்பு' என்னும் பொருளுடைய கிரேக்கச் சொற்களால் ஆனது. அதனைச் சூட்டியவர் அர்ஜென்டினாவின் தொல்லுயிர் அறிஞர் புளோரெந்தினோ அமெகினோ.

இரண்டாவது, மானின் அச்சம். இதுவே அறிவியலுக்கு முதன்மையானது. ஒருவர் தரையோடு தரையாக ஊர்ந்து சென்றால், இம்மான் அது என்னவென்று அறியும் ஆவலால் தானே நெருங்கிவரும். அவ்வாறு ஒரே இடத்தில் இருந்தபடி ஒரே மந்தையின் மூன்று மான்களை டார்வின் சுட்டார். ஆனால், குதிரைமீது வருபவரைக் கண்டால் அதே மான் மிகுந்த எச்சரிக்கையோடு விலகும். காரணம் எளிது. அந்நாட்டில் எவரும் நடந்து செல்வதில்லை. வேட்டையாடுவோர் குதிரைமீதே வந்தனர். தோல்வாரின் முனைகளில் கல்லுண்டைகளைக் கட்டிய 'போலாஸ்' என்னும் கருவியைச் சுழற்றி எறிந்து மானின் கால்களைப் பிணித்தனர். எனவே குதிரையும் மனிதனும் சேர்ந்த உருவமே மானுக்குப் பகை. கால்நடையாக வரும் மனிதன் புதுமைப்பொருள். மற்றோர் இடத்தில் டார்வின் ஒரு மானை எண்பது கெச தூரத்துக்குள்ளிருந்து பத்து முறை சுட்டார். வெடியோசையை அது பொருட்படுத்தவில்லை. குண்டு தரையைக் கிழித்ததைக் கண்டே அதிகம் திடுக்கிட்டது. அச்சம் என்பது பிறவியிலேயே முழுதாக அமைந்துவிடுவதன்று, அது நிலத்தில் கற்கப்படுவது என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று அரிது.

அர்ஜென்டினாவில் 1841இல் பிறந்து, பின்னர் இங்கிலாந்தில் குடியேறிய டபிள்யூ. எச். ஹட்சன், இளமையில் இம்மானைக் கூர்ந்து நோக்கியவர். வேட்டைநாய்கள் நெருங்கும்போது தாய்மானும் குட்டியும் முதலில் அசையாமல் நிற்கும். பின், ஏதோ குறிப்பு உணர்ந்தாற்போலக் குட்டி மட்டும் விரைந்தோடித் தொலைவில் ஒரு பள்ளத்தில் பதுங்கும். தாயோ நின்ற இடத்திலேயே நிற்கும். நாய்கள் பாயும் தொலைவுக்கு வந்தபின்னரே அது குட்டி சென்ற திசைக்கு எதிர்த்திசையில் கிளம்பும். அதுவும் நொண்டுவதுபோலத் தளர்நடையாகத் தொடங்கும். நாய்கள் அதனையே துரத்தும். துரத்த வேகம் கூடும். குட்டி கிடந்த பள்ளத்தை அவை மறந்திருக்கும். 1892இல் வெளிவந்த தம் நூலில் ஹட்சன் இதனை விரிவாக எழுதியுள்ளார்.

பூனைக்குள் ஒளிந்த மான்

குவாசுத்தி ஆங்கிலத்தில் வழக்கொழிந்தது. ஆனால், மானைக் குறிக்கும் அதே தொல்குடிச் சொல் வேறொரு விலங்கின் பெயருக்குள் ஒளிந்து உலகெங்கும் வழங்குகிறது. அமெரிக்கக் கண்டத்துப் பெரும்பூனையாகிய பூமாவுக்குக் 'கூகர்' என்றொரு பெயர் உண்டு. துப்பி மொழியில் அதன் பெயர் 'சுசுவாரானா'. 'ரானா' என்பது 'போன்றது' என்னும் பொருளுடையது. மானின் உடல்நிறம் போன்ற நிறமுடைய விலங்கு என்பதே அப்பெயரின் பொருள் என மொழியியலார் விளக்குவர். போர்த்துக்கீசியர் இதன் சகர ஒலியை எழுத, இலத்தீன் 'சி' எழுத்தின் அடியில் சிறு வால்குறி இட்டனர். ஏட்டில் அந்த வால்குறி விடுபட்டால் சகரம் ககரமாகிவிடும். 1648இல் அச்சான மார்க்கிராவின் பிரேசில் இயற்கை வரலாற்றில் அச்சொல் 'குகுவாகுவாரானா' என்று காணப்படுகிறது. புஃபோன் அதனைச் சுருக்கிக் 'கூகுவார்' ஆக்கினார். அதுவே ஆங்கிலத்தில் 'கூகர்' ஆயிற்று. ஓர் எழுத்தின் வால் அறுந்ததால் மான் மறைந்து பூனை மட்டும் எஞ்சியது.

தமிழுக்கும் இம்மொழிக்குடும்பத்துக்கும் தொடர்பே இல்லை என்று எண்ணவேண்டா. அன்னாசி என்னும் சொல்லின் வேர் அங்கேதான் உள்ளது. துப்பி, குவரானி மக்கள் 'நனா' என்று அழைத்த கனியைப் போர்த்துக்கீசியர் 'அனனாஸ்' என்றனர். அவர்கள் வழியாகக் கனியும் பெயரும் தமிழகம் வந்து சேர்ந்தன.

ஒரு பெயர் தோற்றதேன்?

ஜாகுவார், தாபிர், பிரானா முதலிய துப்பி, குவரானிச் சொற்களை ஆங்கிலம் ஏற்று நிலைநிறுத்திக்கொண்டது. குவாசுத்திக்கு மட்டும் அந்த வாய்ப்பு ஏன் கிட்டவில்லை? ஜாகுவாருக்கும் தாபிருக்கும் இணையான உயிர் இங்கிலாந்தில் இல்லை. எனவே வந்த சொல்லை வந்தபடியே ஏற்க நேர்ந்தது. மானுக்கோ ஆங்கிலத்தில் ஏற்கெனவே சொல் இருந்தது. அதனோடு ஓர் இடப்பெயரை ஒட்டினால் போதுமாயிற்று. 'பம்பாஸ் மான்' எனும்போது அந்த 'பம்பா' என்பதும் ஐரோப்பியச் சொல்லன்று. அது சமவெளியைக் குறிக்கும் கெச்சுவா மொழிச்சொல். ஆக, ஒரு தொல்குடி மொழியின் சொல்லை மற்றொரு தொல்குடி மொழியின் சொல் இடம்பெயர்த்தது. மேலும் ஆங்கிலேயர் பெருமளவில் குடியேறிப் பண்ணை அமைத்ததும் இருப்புப்பாதை இட்டதும் பியூனஸ் அயர்ஸைச் சூழ்ந்த தெற்குச் சமவெளியில். குவரானி ஒலித்ததோ வடக்கே பராகுவேயிலும் அதன் அண்டைப் பகுதிகளிலும். பெயரைச் சொல்லித்தர வேண்டியவரும் கேட்க வேண்டியவரும் சந்திக்கவே இல்லை எனலாம்.

பெயர்கள் பெயரிடுவோரின் நோக்கத்தைக் காட்டும். இஸ்பானியத்தில் மானுக்கு வழங்கும் 'வெனாடோ' என்னும் சொல், வேட்டையைக் குறிக்கும் இலத்தீன் சொல்லிலிருந்து பிறந்தது. வேட்டைப்பொருள் என்ற அளவிலேயே அங்கு மான் அறியப்பட்டது. ஆங்கிலத்தின் மான்சொல் பழங்காலத்தில் விலங்கு அனைத்துக்கும் பொதுப்பெயராக இருந்து, பின்னர்ப் பொருள் சுருங்கியது. 1758இல் லின்னேயஸ் இவ்விலங்குக்கு இட்ட 'பெசோவார்டிகஸ்' என்னும் சிறப்புப்பெயரோ மருந்துக்கடையிலிருந்து வந்தது. அசைபோடும் விலங்குகளின் இரைப்பையில் உருவாகும் கல், நஞ்சை முறிக்கும் என்று ஐரோப்பியர் நம்பிப் பெரும்பொருள் கொடுத்து வாங்கினர். நஞ்சுமுறி எனப் பொருள்படும் பாரசீகச் சொல்லின் திரிபே அக்கல்லின் பெயர். பதினாறாம் நூற்றாண்டிலேயே பிரெஞ்சு மருத்துவர் அம்புருவாஸ் பாரே, இறப்புத் தண்டனை பெற்ற ஒருவனுக்கு நஞ்சும் கல்லும் தந்து சோதிக்கப்பட்டதையும், அவன் துன்புற்று இறந்ததையும் எழுதிவைத்தார். கல்லின் மதிப்பு பொய்யென்றாகியும் பெயர் நிலைத்துவிட்டது. வேட்டைப்பொருளாகவோ மருந்துச்சரக்காகவோ அன்றி, புல்வெளியில் ஓடும் உயிராகக் கண்டு பெயரிட்டோர் குவரானியரே.

புல்வெளி சுருங்கிய வரலாறு

டார்வின் பார்த்த காலத்தில் இம்மான் பிரேசிலின் வடகிழக்கிலிருந்து அர்ஜென்டினாவின் நடுப்பகுதி வரை பரவி வாழ்ந்தது. அவர் அங்கிருந்து சென்ற முப்பது ஆண்டுகளுக்குள் நிலைமை தலைகீழாயிற்று. 1860க்கும் 1870க்கும் இடைப்பட்ட பத்தாண்டுகளில் பியூனஸ் அயர்ஸ் துறைமுகத்திலிருந்து மட்டும் ஏறத்தாழ 20 இலட்சம் மான்தோல்கள் ஐரோப்பாவுக்கு ஏற்றுமதியானதாகத் துறைமுக ஆவணங்கள் காட்டுகின்றன. வேட்டையை அடுத்து மாடும் ஆடும் வந்தன. கால்நடை நோய்கள் மானுக்கும் தொற்றின. முள்கம்பி வேலிகள் சமவெளியைக் கூறுபோட்டன. பின்னர்க் கோதுமையும் சோயாவும் புல்லையே அகற்றின. மரமில்லா நிலத்தில் ஒளிய இடமின்றி, தொலைவில் பகையைக் கண்டு ஓடியே பிழைக்கும் விலங்குக்கு வேலியே முதற்பகை.

இன்று குவாசுத்தி தீவுகளைப்போலச் சிதறிக்கிடக்கும் சிறு பகுதிகளில் எஞ்சியுள்ளது. பிரேசிலின் பந்தனால் சமவெளியில்தான் அது மிகுதியாக உள்ளது. உருகுவே அரசு 1985இல் இம்மானை இயற்கை நினைவுச்சின்னமாக அறிவித்தது. அங்கு எஞ்சிய இரு கூட்டங்களும் தனியார் பண்ணைகளில் மாடுகளோடு சேர்ந்தே மேய்கின்றன. பண்ணையாரின் மனமே அவற்றின் அரண். அர்ஜென்டினாவில், சம்போரோம்போன் விரிகுடாவின் கரையில் இம்மானைக் காக்கவே கம்போஸ் டெல் தூயூ தேசியப் பூங்கா 2009இல் அமைக்கப்பட்டது.

அதே 2009ஆம் ஆண்டு, அர்ஜென்டினாவின் கொரியந்தெஸ் மாநிலத்தில் மற்றொரு முயற்சி தொடங்கியது. அங்குள்ள இபெரா என்னும் பரந்த ஈரநிலத்தை ஒட்டிய புல்வெளிகளில் இம்மான் முற்றிலும் மறைந்திருந்தது. அதே மாநிலத்தின் வேறொரு மூலையில், மரப்பயிர்த் தோட்டங்களுக்கு இடையே நெருக்குண்டு கிடந்த கூட்டத்திலிருந்து சில மான்களைப் பிடித்து இபெராவுக்குக் கொண்டுவந்து விட்டனர். அவை அங்கே ஈன்று பெருகின. கொரியந்தெஸ் குவரானி பேசப்படும் மாநிலம். 2004ஆம் ஆண்டு முதல் அங்கு இஸ்பானியத்தோடு குவரானியும் ஆட்சிமொழி. ஆங்கில அகராதியில் அரிய சொல் என்று குறிக்கப்படும் பெயர் அங்கு அரியதன்று. இபெராவில் மேயும் மானைச் சுட்டி அம்மக்கள் இன்றும் குவாசுத்தி என்றே சொல்கின்றனர்.